யானகாவில் ஆறு பேர்: ஒரு சிறுகுழு நடையின் நிகழ்வு ஆய்வு

டோக்கியோவின் யானகா பகுதியில் வழிகாட்டியோடு இரண்டு முறை நடந்திருக்கிறேன். முதல் முறை ஏப்ரலில்: 18 பேர், ஒரு கொடி, இடுப்பில் மாட்டிய ஒலிபெருக்கி. இரண்டாவது நவம்பரில்: நாங்கள் 6 பேர், கூட ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை ஒருவர். பார்த்த இடங்களில் பாதிக்கு மேல் இரண்டிலும் ஒன்றுதான். முதல் நடை முடிந்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. இரண்டாவது முடிந்தபோது பசி மட்டும்தான். ஏன் இப்படி ஆயிற்று என்று நாள்கணக்கில் யோசித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன். வெளியூர் உறவினர்களை ஊர் சுற்றிக் காட்டும் பொறுப்பு தலையில் விழுந்தவர்களுக்கு இது உபயோகப்படலாம்.

முதலில் இடத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அது தெரியாவிட்டால் மீதி புரியாது.

யானகா உயேனோ மேட்டின் வடமேற்கு ஓரத்தில் இருக்கிறது. 1625-ல் தெங்காய் என்ற துறவி, எதோ கோட்டைக்கு வடகிழக்கே கன்எய்ஜி கோயிலை நிறுவினார். எதோ என்பது டோக்கியோவின் பழைய பெயர். வடகிழக்கு கெட்டது நுழையும் திசை என்பது அங்கத்திய நம்பிக்கை. நமக்கு ஈசானிய மூலை என்றால் பூஜையறை ஞாபகம் வரும். அவர்களுக்கு அது பேய் வாசல். கன்எய்ஜியைச் சுற்றிச் சின்னக் கோயில்கள் முளைத்தன. 1657-ல் எதோவின் பெரும்பகுதி எரிந்து போனதும், நகருக்குள் இருந்த கோயில்கள் பலவற்றை ஓரத்துக்கு மாற்றினார்கள். அவற்றில் நிறைய யானகாவுக்கு வந்து சேர்ந்தன. 1923 நிலநடுக்கத்திலும் 1945 குண்டுவீச்சிலும் இந்தப் பகுதி பெருமளவு தப்பித்தது. இன்று ஒரு மணி நேரத்தில் குறுக்கே நடந்துவிடக்கூடிய இந்த இடத்தில் சுமார் 70 பௌத்தக் கோயில்கள் இருக்கின்றன.

எழுபது கோயில் என்றதும் கும்பகோணத்தை நினைத்துக்கொள்ளக் கூடாது. நான் முதலில் அப்படித்தான் நினைத்தேன், அங்கேதான் தப்பு தொடங்கியது. நம் ஊரில் கோபுர வாசல் திறந்திருந்தால் யாரும் உள்ளே போகலாம். யானகாவின் சின்னக் கோயில் வேறு மாதிரி. அதற்கு 'தன்கா' என்று சொல்லப்படும் குடும்பங்கள் உண்டு. ஷோகன்கள் என்ற ராணுவத் தலைவர்கள் ஆண்ட எதோ காலத்தில் ஒவ்வொரு குடும்பமும் ஏதாவது ஒரு கோயிலில் பெயரைப் பதிந்தாக வேண்டும் என்று சட்டமே இருந்தது. சட்டம் போய்விட்டது, உறவு தங்கிவிட்டது. அந்தக் குடும்பங்களின் கல்லறைகள் கோயிலின் பின்பக்கம் இருக்கும். திதி, ஈமச்சடங்கு எல்லாம் அந்தத் துறவிதான் செய்வார். அவர் மனைவி பிள்ளைகளோடு அதே வளாகத்தில் குடியிருப்பார்; வாசலில் சைக்கிள் நிற்கும், கொடியில் துணி காயும். ஆக, நீங்கள் நுழைவது பாதி ஒருவர் வீடு, மீதி சில நூறு குடும்பங்களின் மூதாதையர் இடம்.

ஏப்ரல் நடையை ஏற்பாடு செய்த நிறுவனத்துக்கு இது தெரியாமல் இருந்திருக்காது. தெரிந்தும் 18 பேரைக் கூட்டிப் போனார்கள். செர்ரிப் பூ உதிர்ந்துகொண்டிருந்த நாள். யானகா கல்லறைத் தோட்டத்தின் நடுச்சாலை, முன்பு தென்னோஜி கோயிலுக்குப் போகும் பாதையாக இருந்தது; இருபுறமும் மரங்கள். அது அகலமான சாலை, அங்கே பிரச்சினை இல்லை. அப்புறம் ஒரு சின்னக் கோயிலின் பின்வழியாக ஒரு சந்துக்குள் நுழைந்தோம். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் தோள் சாய்க்க வேண்டிய அகலம். வழிகாட்டி நின்றார், ஒலிபெருக்கியைப் போட்டார், ஷோகன்களைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். சந்தின் அந்த முனையில் ஒரு குடும்பம் நின்றிருந்ததைக் கடைசி வரிசையில் இருந்த நான்தான் திரும்பிப் பார்த்தேன். கறுப்பு உடையில் நாலு பேர். ஒரு பையன் கையில் மரவாளி, அதில் அகப்பை. கல்லறைக் கல்லின் மேல் ஊற்றத் தண்ணீர் கொண்டுபோகிறார்கள். வழிவிடச் சொல்லி ஒரு வார்த்தை அவர்கள் கேட்கவில்லை. நாங்கள் பேசி முடிக்கட்டும் என்று காத்திருந்தார்கள். வாளியின் கனத்தில் அந்தப் பையன் கை மாற்றிக்கொண்டே இருந்தான். நான் வழிகாட்டியிடம் சைகை காட்டினேன். அவர் ஏதோ கேள்வி கேட்கிறேன் என்று நினைத்து, 'கடைசியில் கேளுங்கள்' என்றார்.

கோயிலுக்குள்ளிருந்து ஒரு பெரியவர் வந்து குனிந்து வணங்கி, தாழ்ந்த குரலில் ஏதோ சொன்ன பிறகுதான் வரிசை நகர்ந்தது.

இதில் வழிகாட்டியை மட்டும் குற்றம் சொல்வது சுலபம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தலைக்கு இவ்வளவு என்று கட்டணம் வாங்கும் ஏற்பாட்டில் ஆள் கூடக் கூட வருமானம் கூடும். பதினெட்டாவது ஆளை வேண்டாம் என்று சொல்ல யாருக்கும் மனம் வராது. 18 பேருக்குக் குரல் எட்டாது, அதனால் ஒலிபெருக்கி. ஒலிபெருக்கி இருப்பதால் எங்கே வேண்டுமானாலும் நின்று பேசலாம் என்ற தைரியம். சந்துக்குள் வரிசை நீண்டுவிட்டால் பின்னால் என்ன நடக்கிறது என்று முன்னால் இருப்பவருக்குத் தெரியாது. எல்லாம் ஒன்றையொன்று இழுத்துக்கொண்டு வந்தவை.

நவம்பரில் ஊரிலிருந்து பெரியப்பாவும் பெரியம்மாவும் வந்திருந்தார்கள். என் மாமனாரும் அப்போது இங்கே இருந்தார். மனைவி, அலுவலக நண்பர் ஒருவர், நான். மொத்தம் 6 பேர். நண்பர் மூலம் அந்த ஆசிரியை அம்மாவின் தொடர்பு கிடைத்தது. ஜப்பானில் வழிகாட்டி மொழிபெயர்ப்பாளருக்கென்று 1949-லிருந்து ஒரு சட்டம் உண்டு. தேசியத் தேர்வு எழுதி உரிமம் வாங்காமல் காசுக்கு வழிகாட்டக் கூடாது என்று வெகுகாலம் இருந்தது. 2018 ஜனவரியில் அதைத் தளர்த்தினார்கள். உரிமம் இல்லாதவரும் இப்போது கட்டணம் வாங்கலாம், அந்தப் பட்டப்பெயரை மட்டும் போட்டுக்கொள்ளக் கூடாது. இவர் உரிமம் உள்ளவர், ஆனால் அதைச் சொல்லிக்கொள்ளவே இல்லை. கட்டணம் குழுவுக்கு மொத்தமாக. இரண்டு பேர் வந்தாலும் 6 பேர் வந்தாலும் ஒரே தொகை. அதனால் ஆள் சேர்ப்பதில் அவருக்கு எந்த லாபமும் கிடையாது. நான் பார்த்தவரை இந்த நடை உருப்பட்டதற்குப் பாதிக் காரணம் இந்தக் கணக்குதான்.

ஆறுக்கு மேல் ஏன் கூடாது என்று கேட்டேன். பெரிய தத்துவம் ஏதும் சொல்லவில்லை. குரலை உயர்த்தாமல் பேசலாம். ஒரு பச்சை விளக்கில் எல்லோரும் சாலையைக் கடந்துவிடலாம். தலையைத் திருப்பாமலே எண்ணிவிடலாம். எதிரே கல்லறைக்குப் போகிறவர் வந்தால் சுவரோரம் ஒதுங்க 6 பேருக்கு இடம் உண்டு, 10 பேருக்குக் கிடையாது. அவ்வளவுதான்.

புறப்படுவதற்கு இரண்டு நாள் முன்பே என்னிடம் கேள்விகள் வந்தன. யாருக்காவது முழங்கால் வலி உண்டா? கழிப்பறைக்கு எத்தனை நேரத்துக்கு ஒரு முறை? தமிழில் யார் சொல்வார்கள்? நான்தான் என்றதும், 14 இடங்கள் இருந்த பட்டியலை 8 ஆகக் குறைத்துவிட்டார். மொழிபெயர்த்தால் எதுவும் இரட்டிப்பு நேரம் எடுக்கும். நான்கு நிமிடப் பேச்சு எட்டாகும், நின்றுகொண்டே கேட்கும் வயதானவருக்கு எட்டு நிமிடம் மலை மாதிரி. பாதையையும் நிப்போரி ரயில் நிலையத்தில் தொடங்கி நெசுவில் முடிவதாகப் போட்டார். நிப்போரி மேட்டின் ஓரத்தில் இருக்கிறது, நெசு பள்ளத்தில். தொடக்கத்தில் ஒரே ஒரு ஏற்றம், பிறகு பெரும்பாலும் இறக்கம்தான். ஏப்ரல் நடை இதையே தலைகீழாக ஏறியது.

முதல் நிறுத்தம் தென்னோஜி. வெட்டவெளியில் உட்கார்ந்திருக்கும் வெண்கலப் புத்தர், 1690-ல் வார்த்தது. இந்தக் கோயிலுக்கு எதோ காலத்தில் இன்னொரு புகழும் உண்டு: அரசு அனுமதியோடு லாட்டரிச் சீட்டுக் குலுக்கிய மூன்று பெரிய இடங்களில் இது ஒன்று. மாமனாருக்கு இந்தச் செய்தியில் வந்த மகிழ்ச்சி புத்தரைப் பார்த்து வந்ததைவிட அதிகம். அங்கே அவர் கைகூப்பிவிட்டு, எங்கேயோ படித்த ஞாபகத்தில் பளீர் பளீர் என்று இரண்டு தட்டு தட்டினார். கைதட்டுவது ஜப்பானின் சொந்த மதமான ஷிண்டோவின் சன்னதியில்தான். பௌத்தக் கோயிலில் சத்தமில்லாமல் கும்பிட வேண்டும். ஆசிரியை ஒன்றுமே சொல்லவில்லை. எனக்குத்தான் காது சிவந்தது.

கல்லறைத் தோட்டத்துக்குள், காவலர் சாவடி ஒன்றின் பக்கத்தில், வேலி போட்ட ஒரு மண்தரையில் அடித்தளக் கற்கள் மட்டும் கிடக்கின்றன. 1791-ல் எழுப்பிய ஐந்தடுக்குப் பகோடா நின்ற இடம். உயரம் 34 மீட்டர். நிலநடுக்கமும் போரும் தொடாத அதை, 1957 ஜூலையில் தற்கொலை செய்துகொள்ள வந்த ஒரு ஜோடி வைத்த தீ எரித்துவிட்டது. ஏப்ரலில் இதே இடத்தில் எல்லோரும் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்தோம். இப்போது ஆசிரியை கற்களுக்கு இடையே எத்தனை அடி என்று எங்களையே கண்ணால் அளக்கச் சொன்னார். அகலம் தெரிந்ததும் பெரியப்பா தானாகவே அண்ணாந்து பார்த்தார், இல்லாத ஒன்றை.

இந்தத் தோட்டம் 1874-ல் வந்தது. ஷோகன்களுக்குப் பின் வந்த மெய்ஜி அரசு தென்னோஜியின் நிலத்தை எடுத்து, எந்தக் கோயிலையும் சாராத பொதுக் கல்லறை ஆக்கியது. கடைசி ஷோகன் தொகுகவா யோஷினொபு 1913-ல் இறந்து இங்கேதான் அடக்கமானார். அவர் கல்லறை பௌத்த முறையில் இல்லை. ஷிண்டோ முறையில் வட்டமான மேடு. அவருக்கு முன் ஆண்ட ஆறு ஷோகன்கள் கூப்பிடு தூரத்தில் கன்எய்ஜியில் பௌத்த முறையில் கிடக்க, இவர் மட்டும் இப்படி. ஒரு குடும்பம் மதம் விட்டு மதம் போன கதையல்ல இது. நாட்டின் ஏற்பாடே மாறிப்போன கதை. அதன் விளக்கத்தை ஆசிரியை நெசுவுக்கு ஒத்திவைத்தார். கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்க்க அங்கே பெரிதாக ஒன்றுமில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

இந்த நடையின் உச்சம் எந்தப் பயணக் கையேட்டிலும் இல்லாத இடம். ஒரு கோயிலின் பின்சுவர். சுவர் இடுப்புயரம்தான். அதற்கு மேலே கல்லறைக் கற்களும், அவற்றின் பின்னால் நெட்டுக்குத்தாக அடுக்கிய நீண்ட மரப்பட்டைகளும் தெரிந்தன. காற்று வந்தால் ஒன்றோடொன்று மோதிக் கடகடவென்று சத்தம். ஆசிரியை உள்ளே போகவில்லை. கையும் நீட்டவில்லை, தலையை லேசாக அசைத்துக் காட்டினார்.

அந்தப் பட்டைக்குப் பெயர் 'சொதோபா'. 'ஸ்தூபம்' என்ற சொல்தான் சீனா வழியாக நடந்து நடந்து இப்படித் தேய்ந்தது. இறந்தவருக்காகத் திதியின்போது எழுதி நடுவது. மேல்முனையில் இருபுறமும் வெட்டு விழுந்து ஐந்து உருவங்கள் தெரியும்: உச்சியில் இரத்தினம், அடுத்து பிறை, முக்கோணம், வட்டம், கடைசியாகச் சதுரம். ஒவ்வொன்றிலும் ஓர் எழுத்து, கறுப்பு மையில். ஜப்பானிய எழுத்து இல்லை, சீன எழுத்தும் இல்லை. சித்தம் என்ற பழைய இந்திய எழுத்து. அவர் மேலிருந்து கீழாக வாசித்தார்: க்ய, க, ர, ப, அ. நான் மொழிபெயர்க்க வாயெடுத்தேன், அதற்குள் பெரியப்பா கேட்டார்: "க, ஹ, ர, வ, அ-வா?"

அவருக்குக் கிரந்தம் தெரியும், ஆனால் இந்த எழுத்தை அவரால் படிக்க முடியவில்லை. ஓசையை வைத்தே பிடித்துவிட்டார். உச்சியில் ஆகாயம், பிறகு காற்று, நெருப்பு, நீர், அடியில் மண். "ஆகாசத்திலேர்ந்து வாயு, வாயுவிலேர்ந்து அக்னி... உபநிஷத்துல சொல்ற அதே வரிசை தம்பி. அந்தம்மாகிட்ட சொல்லு." சொன்னேன். ஆசிரியை கைப்பையிலிருந்து ஒரு சின்ன நோட்டை எடுத்து எழுதிக்கொண்டார். நண்பர் கைபேசியை எடுத்தபோது மட்டும், 'அதில் இறந்தவரின் பெயர் இருக்கிறது' என்று மெதுவாகச் சொன்னார். கைபேசி பைக்குள் போனது. அங்கே நின்றது பன்னிரண்டு நிமிடம். ஒரு வயதான பெண்மணி பூவோடு வந்தார், நாங்கள் ஒதுங்கினோம், அவர் தலை வணங்கிப் போனார்.

நடைகளை ஒப்பிடும்போது நான் கவனித்தது இதுதான். ஏப்ரலில் வாசல் திறந்திருந்த எல்லா இடத்துக்கும் நுழைந்தோம். நவம்பரில் வாசல் விரியத் திறந்திருந்த இரண்டு கோயில்களை அவர் தாண்டிப் போனார். ஒன்றில் காலணிகள் வரிசையாகக் கழற்றி வைத்திருந்தன. உள்ளே சடங்கு நடக்கிறது என்று அர்த்தம். இன்னொன்றில் ஏன் என்று கேட்டதற்கு, "இங்கே எனக்கு யாரையும் தெரியாது" என்றார்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கான்னோன்ஜியின் வெளிச்சுவர், ஓடுகளையும் களிமண்ணையும் அடுக்கடுக்காக வைத்துக் கட்டிய எதோ காலத்து வேலை. வாள்வீரர் யமஓகா தெஷ்ஷு 1883-ல் நிறுவிய ஜென் கோயிலான சென்ஷோஆன். கதைசொல்லி என்ச்சோவின் கல்லறை அங்கே இருக்கிறது, அவர் சேர்த்த பேய் ஓவியங்களை ஆகஸ்டில் வெளியே எடுப்பார்கள், எங்களுக்குக் கொடுத்து வைக்கவில்லை. முச்சந்தியில் வீட்டுக்கு மேல் குடை விரித்திருக்கும் ஒரு தேவதாரு மரம், தொட்டிச்செடியாக இருந்து வளர்ந்தது என்கிறார்கள். இமயமலை இனம் என்றதும் பெரியம்மா அதைத் தொட்டுக் கும்பிட்டார்.

பெரியம்மாவுக்கு வேறொரு கேள்வி இருந்தது: "இங்க பிள்ளையார் இருக்காரா?" இருக்கிறார். ஜப்பானில் அவர் பெயர் கங்கிதென். ஆனால் அவர் சிலையைப் பொதுவாக யாருக்கும் காட்டுவதில்லை, மூடியே வைத்திருப்பார்கள். அசகுசா பக்கம் ஒரு கோயிலில் அவருக்கு முள்ளங்கி படைப்பது வழக்கம். சரஸ்வதியும் உண்டு, பென்சாய்தென் என்ற பெயரில், உயேனோ தாமரைக் குளத்தின் நடுவே. வீணைக்குப் பதில் பிவா என்ற வாத்தியம். புத்தாண்டு முதல் பத்து நாள் யானகா வட்டாரத்தில் ஏழு அதிர்ஷ்ட தெய்வங்களைச் சுற்றி வரும் நடை உண்டு, அதில் இவரும் குபேரனும் மகாகாலனும் ஜப்பானியப் பெயரில் வரிசையாக வருவார்கள். 'குபேரன் தென்னோஜியில்தான் இருக்கிறார்' என்று ஆசிரியை சொன்னதும் மாமனார், "லாட்டரி அங்கே குலுக்கினது சும்மா இல்லை" என்றார்.

பாம்புச் சந்து என்று ஒரு தெரு. வளைந்து வளைந்து போகும். மூடிவிட்ட ஐசோமே ஓடையின் தடம் அது. ஒரு பக்கம் தைத்தோ வட்டம், மறுபக்கம் புன்க்யோ. அதில் நடந்து நெசு சன்னதிக்கு இறங்கினோம்.

1706-ல் ஷோகன் சுனயோஷி கட்டிய நெசு சன்னதியில் ஏழு கட்டடங்கள் அப்படியே நிற்கின்றன, ஏழும் முக்கியப் பண்பாட்டுச் சொத்துகள். சிவப்பு வாசல், இடப்பக்கம் சரிவில் வரிசையாகத் தோரி வளைவுகள். தண்ணீர்த் தொட்டியில் இடக்கை, வலக்கை, வாய் என்று கழுவ வேண்டிய முறையை ஆசிரியை ஒருமுறை செய்து காட்டினார். அப்புறம் இரண்டு முறை குனிந்து, இரண்டு தட்டு, மறுபடி ஒரு குனிவு. மாமனார் முகம் மாறியது. "அப்போ காலையில புத்தர்கிட்ட தட்டினேனே?"

"அவருக்கும் கேட்டிருக்கும்" என்றார் ஆசிரியை.

அதிலிருந்துதான் ஒத்திவைத்த விளக்கத்தை எடுத்தார். இந்த இடத்தின் பழைய பெயர் நெசு கொங்கென். கொங்கென் என்றால் புத்தர்கள் ஜப்பானியத் தெய்வமாக எடுத்த அவதாரம். புத்தரும் காமி என்ற ஷிண்டோ தெய்வமும் ஆயிரம் வருடத்துக்கு மேல் ஒரே வளாகத்தில் சேர்ந்துதான் இருந்தார்கள். 1868-ல் புதிய அரசு ஆணை போட்டுப் பிரித்தது. கொங்கென் என்ற பெயர் போய் 'ஜின்ஜா', அதாவது ஷிண்டோ சன்னதி, என்ற பெயர் வந்தது. அதே வருடம் உயேனோவில் ஷோகன் பக்கத்து வீரர்களும் அரசுப் படையும் மோதினார்கள். நிப்போரி பக்கத்துக் கோயில் கதவு ஒன்றில் குண்டு துளைத்த ஓட்டை இன்றும் இருக்கிறது. 1868 என்ற எண்ணை அவர் காலையில் சொல்லியிருந்தால் நாங்கள் மறந்திருப்போம். தட்டக் கூடாத இடத்தில் தட்டியது, வட்டமான கல்லறை மேடு என்று இரண்டு சந்தேகங்களைச் சுமந்துகொண்டு வந்ததால் அது உடனே ஒட்டிக்கொண்டது. பள்ளி ஆசிரியையின் வேலை.

குறைகளும் உண்டு, என் பக்கமே அதிகம். மூன்று மணி நேர நடை மூன்றே முக்கால் மணி நேரமாக இழுத்தது. சுவா சன்னதியை விட்டுவிட்டோம். பெரியம்மா சைவம் என்று சொல்லியிருந்தேன். மீன் சாறும் கூடாது என்று சொல்லவில்லை. மதியத்துக்குப் பார்த்து வைத்திருந்த சோபா நூடுல்ஸ் கடையில் குழம்பே கட்சுவோ மீன் செதில் போட்டுக் கொதித்தது. கடைசியில் வசதிக்கடையில் உமேபோஷி என்ற உப்பிட்ட பழ ஊறுகாய் வைத்த சோற்று உருண்டை வாங்கி, நடந்துகொண்டே சாப்பிடக் கூடாது என்பதால் பூங்கா பெஞ்சு தேடி உட்கார்ந்தோம். ஆசிரியை மூன்று முறை மன்னிப்புக் கேட்டார். கேட்க வேண்டியது நான். இன்னொன்று: 6 பேருக்கு மொத்தக் கட்டணம் என்பது தனியாக வரும் ஒருவருக்குக் கட்டுப்படியாகாது. சிறுகுழு நடை நல்லது என்று சொல்பவர்கள் இந்த இடத்தைப் பேசாமல் தாண்டிவிடுவார்கள். 18 பேர் நடையில் என் பக்கத்தில் நின்றிருந்த மாணவனுக்கு அதுதான் கட்டுபடியாகும் விலை.

அடுத்த முறைக்கு நாள் குறிக்க ஆசிரியைக்கு எழுதினேன். ஏப்ரல் கடைசி வேண்டாம், நெசுவில் அசேலியாப் பூ பார்க்க வரும் கூட்டம். மார்ச்சிலும் செப்டம்பரிலும் ஹிகன் வாரம் வேண்டாம், கல்லறைகளுக்குக் குடும்பங்கள் வரும் நாட்கள். ஜூலை நடுவில் டோக்கியோவின் ஓபோன், அதே காரணம். நவம்பர் நடுவில் சனி, ஞாயிறு வேண்டாம், குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு சன்னதிக்கு வருவார்கள். சரி, எப்போதுதான் வரலாம் என்று கேட்டேன். ஜூன், வாரநாள், லேசாகத் தூறினால் இன்னும் நல்லது, ஆளுக்கொரு குடை, ஆனால் சந்தில் குடை விரித்தால் 6 பேர் கூட அதிகம், நாலு பேராக வாருங்கள் என்று பதில் வந்தது.